விலைக்கு வந்த எதிரொலி

அயர்லாந்தின் தென்மேற்கு ஓரத்தில், கெர்ரி மாவட்டத்தில், கில்லார்னி என்று ஓர் ஊர். மூன்று ஏரிகள், சுற்றிலும் மலைகள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் அந்த ஏரிகளில் படகு ஓட்டியவர்கள் வெளியூர்க்காரர்களிடம் தவறாமல் ஒரு வேடிக்கை சொல்வார்கள். "எங்கள் ஊர் எதிரொலி, சொன்னதையே திருப்பிச் சொல்கிற ரகம் இல்லை ஐயா. 'பேடி பிளேக், சௌக்கியமா?' என்று கூவிப் பாருங்கள். 'நல்ல சௌக்கியம், ரொம்ப நன்றி ஐயா' என்று பதில் வரும்."

கேட்டவர் சிரிப்பார். சிரித்தவர் இறங்கும்போது நாலு காசு கூடக் கொடுப்பார். வேடிக்கை அதற்காகத்தான்.

அந்த எதிரொலியும் சும்மா கிடைத்ததில்லை. 'கழுகுக்கூடு' என்று பெயர்பெற்ற செங்குத்துப் பாறைக்கு எதிரே படகு நிற்கும். பியூகிள்காரர் ஒருவர் நாலு ஸ்வரம் ஊதுவார். அது பாறையில் மோதி, அடுத்த மலைக்குப் போய், அங்கிருந்து இன்னொன்றுக்குத் தாவி, மெலிந்து மெலிந்து எங்கோ போய் அடங்கும். அது போதாது என்பவர்களுக்குச் சிறிய பீரங்கி ஒன்று தயாராக இருக்கும். வெடித்தால் இடி உருள்வது போல மலைக்கு மலை உருண்டு போகும். பியூகிளுக்குத் தனிக் காசு. வெடிமருந்துக்குத் தனிக் காசு.

மலையைக் காட்டிக் காசு வாங்குகிறார்களே என்று அந்தக் காலத்துப் பயணிகள் பலர் முகம் சுளித்திருக்கிறார்கள். எனக்கு அது நியாயமாகவே படுகிறது. சுற்றியிருந்த நிலம் நிலப்பிரபுவுடையது. ஏரி அவருடையது. ஏரிக்கு நடுவிலிருந்த தீவும் பழைய மடமும் கோட்டையும் அவருடையவை. காட்டு மானும் அவருடையதுதான். யார் பெயரிலும் பட்டா இல்லாமல் மிஞ்சியிருந்தது எதிரொலி ஒன்று. ஊர்க்காரர்கள் அதை விற்றார்கள்.

கில்லார்னியைச் சுற்றுலா ஊராக மாற்றியதில் ஒரு மனிதரின் கணக்கு இருக்கிறது. நான்காவது கென்மேர் பிரபு தாமஸ் பிரௌன், 1750களில் அந்த வேலையைத் தொடங்கினார். கத்தோலிக்கர்களின் நிலவுரிமையைச் சட்டம் போட்டு நெரித்த காலம் அது. அந்தக் காலத்திலும் நிலத்தைக் கைவிடாமல் வைத்திருந்த வெகுசில கத்தோலிக்கக் குடும்பங்களில் அவருடையது ஒன்று. கூரைக் குடிசைகளாகக் கிடந்த இடத்தில் வீடு கட்டுகிறவர்களுக்குச் சல்லிசான குத்தகை கொடுத்தார். சாலை போட்டார், விடுதிகள் எழும்ப வழி செய்தார், ஏரிக்குப் படகுகள் ஏற்பாடு செய்தார். முரட்டு மலையும் பாழடைந்த கோட்டையும் பார்த்து மனம் நடுங்குவதே ரசனை என்று இங்கிலாந்தின் வசதியானவர்கள் நினைக்கத் தொடங்கிய நேரமும் அதுவாக அமைந்தது. அப்புறம் நெப்போலியன் போர்கள் வந்தன. பிரான்சும் இத்தாலியும் போக முடியாமல் போனதும், வேல்ஸ், ஸ்காட்லாந்து, அயர்லாந்து என்று உள்ளூர்ப் பக்கம் வண்டியைத் திருப்பினார்கள்.

வண்டியைத் திருப்பினார்கள் என்று சுலபமாகச் சொல்லிவிட்டேன். அயர்லாந்தில் ஊர் விட்டு ஊர் போக வண்டி கிடைப்பதே அப்போது பெரும்பாடு. தபால் வண்டிகள் பெரிய ஊர்களுக்கு மட்டும் ஓடின, கட்டணமும் அதிகம். மற்றவர்களுக்குக் கால்தான்.

அதை மாற்றியவர் ஓர் இத்தாலியர். சார்லஸ் பியான்கோனி, 1802ல் பதினாறு வயதுப் பையனாக அயர்லாந்துக்கு வந்தார். சட்டமிட்ட படங்களைப் பெட்டியில் சுமந்துகொண்டு ஊர் ஊராக நடந்து விற்றார். முதுகு வலித்தபோதெல்லாம், இந்த நாட்டில் சாதாரண ஆளுக்கு ஒரு வண்டி இல்லையே என்று தோன்றியிருக்க வேண்டும். 1815 ஜூன் 18ல் வாட்டர்லூவில் நெப்போலியன் தோற்றுப் போர் முடிந்தது. படைக்கென்று வளர்த்த குதிரைகள் விலைபோகாமல் சந்தையில் நின்றன. ஜூலை 6ஆம் தேதி பியான்கோனி, குளோன்மெல் ஊரிலிருந்து பத்து மைல் தள்ளியிருந்த கேஹர் வரை ஒற்றைக் குதிரை வண்டி ஒன்றை ஓட்ட ஆரம்பித்தார்.

முதலில் ஏற ஆளில்லை. நடந்தே பழகியவர்கள் காசு கொடுத்து எதற்கு உட்கார வேண்டும் என்று நினைத்தார்கள். அதற்கு அவர் செய்த தந்திரமாக ஒரு கதை சொல்வார்கள். தன் வண்டிக்குப் போட்டியாக இன்னொரு வண்டியை, தன் பெயர் வெளியே தெரியாமல், தானே இறக்கிவிட்டாராம். இரண்டு வண்டிக்காரர்களும் உண்மையாகவே முட்டிக்கொண்டார்கள். எது முந்தும் என்று ஊர் இரண்டாகப் பிரிந்து வேடிக்கை பார்த்தது. வேடிக்கை பார்த்தவர்கள் வண்டியில் ஏறவும் செய்தார்கள்.

1843ல் கார்க் நகரத்தில் நடந்த ஒரு மாநாட்டில் அவரே தன் தொழிலின் கணக்கைச் சொன்னார்: நூறு வண்டிகள், நாளொன்றுக்கு 3,800 மைல் ஓட்டம், குதிரை மாற்ற 140 நிறுத்தங்கள், மைலுக்குச் சராசரியாக ஒன்றேகால் பென்னி கட்டணம். மணிக்கு எட்டு ஒன்பது மைல் வேகம். ஜனங்கள் வண்டிகளை 'பியான்' என்று அவர் பெயரைச் சுருக்கியே அழைத்தார்கள். இருபது பேர் ஏறும் பெரிய வண்டிக்கு, ஐரிஷ் புராணக் கதைகளின் வீரன் பெயரில் 'ஃபின் மெக்கூல்' என்று பெயர். ஞாயிற்றுக்கிழமை பெரும்பாலும் ஓட்டமில்லை. ஏழு நாளும் ஓடும் குதிரையைவிட ஆறு நாள் ஓடி ஒரு நாள் ஓய்வெடுக்கும் குதிரையே அதிகம் உழைக்கும் என்பது அவர் அனுபவத்தில் கண்ட கணக்கு. வண்டிகளுக்கு மேல்கூரை கிடையாது. அயர்லாந்து மழைக்கு அது என்ன சுகமென்று சொல்லத் தேவையில்லை. நனைந்துகொண்டேதான் போனார்கள்.

சரி, கில்லார்னி வந்து சேர்ந்தாயிற்று. அங்கே ஏறுவது ஜான்டிங் கார். இரண்டு சக்கரம், ஒரு குதிரை. பயணிகள் முதுகோடு முதுகு வைத்துப் பக்கவாட்டில் திரும்பி உட்கார வேண்டும், கால்கள் சக்கரத்துக்கு மேலே தொங்கும். இரு வரிசைக்கும் நடுவே ஒரு பள்ளம், மூட்டை முடிச்சு வைக்க. இந்தப் பக்கம் உட்கார்ந்தவர் வலதுபுற மலையைப் பார்ப்பார், அந்தப் பக்கத்தவர் இடதுபுற ஏரியைப் பார்ப்பார். கணவனும் மனைவியும் ஒரே வண்டியில் போய் இரண்டு வேறு ஊர்களைப் பார்த்துவிட்டு வரலாம். இதில் வெளிவண்டி, உள்வண்டி என இரண்டு வகை. என்ன வித்தியாசம் என்று கேட்டால் வண்டிக்காரர் நிதானமாகச் சொல்வார்: "வெளிவண்டிக்குச் சக்கரம் உள்ளே இருக்கும் ஐயா. உள்வண்டிக்குச் சக்கரம் வெளியே இருக்கும்." கேட்க அபத்தம், ஆனால் சரியான பதில். வெளிவண்டியில் இருக்கை சக்கரத்துக்கு மேலாக வெளியே நீண்டிருக்கும்.

ஜார்வி எனப்பட்ட இந்த வண்டிக்காரர்களுக்கு வாய்தான் மூலதனம். கெர்ரியின் பாட்டாளி மக்கள் வீட்டில் பேசியது ஐரிஷ் மொழி. வெளியூர்க்காரர் பேசியது ஆங்கிலம். நடுவில் நின்று கதையை மொழிபெயர்த்து, வேண்டிய இடத்தில் கொஞ்சம் உப்புப் போட்டுக் கொடுத்தவர் ஜார்வி. டன்லோ கணவாயில் கறுத்துக் கிடக்கும் ஒரு சிறிய ஏரியைக் காட்டி அவர் சொன்ன கதை இது. புனித பாட்ரிக் அயர்லாந்தின் பாம்புகளையெல்லாம் விரட்டியபோது கடைசியாக ஒன்று மட்டும் போக மறுத்தது. "இந்தப் பெட்டிக்குள் இரு, நாளைக்கு வந்து திறந்துவிடுகிறேன்" என்று அதை அடைத்து ஏரியில் போட்டுவிட்டார் பாட்ரிக். இன்றும் அடியிலிருந்து அது கேட்டுக்கொண்டே இருக்கிறதாம், "நாளைக்கு ஆகிவிட்டதா?" என்று.

கணவாயின் வாசலில் கேட் கியர்னியின் குடிசை. பத்தொன்பதாம் நூற்றாண்டுத் தொடக்கத்தில் அந்தப் பெண்மணி அங்கே 'போச்சீன்' விற்றார். வரி கட்டாமல் மலைக்குள் ரகசியமாக வடித்த சாராயம், அழகாகச் சொன்னால் 'மலைப்பனி'. அவர் காலம் முடிந்த பிறகும் அவருடைய பேத்தி என்று சொல்லிக்கொண்டு பயணிகளை வரவேற்கப் பெண்கள் இருந்தார்கள். கணவாய் நெடுக, ஒரு கையில் ஆட்டுப்பாலும் மறு கையில் சாராயமுமாக, இளம்பெண்கள் குதிரைகளுக்குப் பக்கத்திலேயே வெறுங்காலோடு ஓடி வருவார்கள். இரண்டையும் கலந்து குடித்தால்தான் கணவாயைப் பார்த்ததாகக் கணக்கு. ஊருக்குள் வேறொரு வியாபாரம் நடந்தது. ஏரிக்கரையில் வளரும் ஆர்புட்டஸ் மரத்தில், ஃபெர்ன் இலையும் மடத்தின் படமும் இழைத்துப் பதித்த பெட்டி, மேசை எல்லாம் செய்து விற்றார்கள். இன்று ஏலக் கடைகளில் அவற்றுக்கு நல்ல விலை.

பயணிகள் எழுதி வைத்த குறிப்புகளில் ஏரிக்கு அடுத்தபடி அதிகம் இடம்பிடிப்பவர்கள் பிச்சைக்காரர்கள். வண்டி நின்றால் சூழ்ந்துகொள்கிறார்கள், குழந்தையைத் தூக்கிக் காட்டுகிறார்கள், காசு கொடுத்தால் நூறு ஆசீர்வாதம், கொடுக்காவிட்டால் அதே வாயால் நூறு சாபம் என்றெல்லாம் எழுதினார்கள். ஐரிஷ்காரன் என்றாலே சோம்பேறி என்ற முடிவுக்கும் அதிலிருந்தே போனார்கள்.

அவர்கள் கவனிக்காதது ஒரு நாட்காட்டி விஷயம்.

1845ல் தொடங்கிய பெரும் பஞ்சத்துக்கு முந்தைய அயர்லாந்தின் ஏழைக்கு உணவு என்றால் உருளைக்கிழங்கு. வளர்ந்த ஆண் ஒருவன் ஒரு நாளைக்கு ஐந்து, ஆறு கிலோ தின்றான். கூட மோர், கிடைத்தால் ஒரு துண்டு உப்பு மீன். பெரிய இரும்புப் பானையில் வேகவைத்து, அகலமான பிரம்புக் கூடையில் கவிழ்ப்பார்கள். தண்ணீர் வடிந்ததும் அந்தக் கூடையையே பானை மேல் வைத்தால் அதுதான் சாப்பாட்டு மேசை. சுற்றி உட்கார்ந்து கையாலேயே உரித்துச் சாப்பிட வேண்டியது. வேலைக்குப் போகிறவன் நடுவில் கொஞ்சம் வேகாமல் விடச் சொல்வான், 'எலும்போடு' இருக்க வேண்டும் என்று. அப்போதுதான் வயிற்றில் நின்று தாக்குப்பிடிக்கும். பன்றி இறைச்சித் துண்டு ஒன்றை மேலே கட்டித் தொங்கவிட்டு, கிழங்கை அதை நோக்கிக் காட்டிக் காட்டிச் சாப்பிடுவது என்று ஒரு நையாண்டியும் உண்டு. தங்கள் வறுமையைத் தாங்களே கிண்டல் செய்துகொள்ள அவர்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை.

இலையுதிர் காலத்தில் தோண்டிய கிழங்கு அடுத்த கோடை தொடங்கும்போது தீர்ந்துவிடும், அல்லது முளைத்துக் கெட்டுவிடும். புதுக் கிழங்கு ஆகஸ்டில்தான். நடுவில் உள்ள வாரங்கள் பசி வாரங்கள். ஜூலைக்கு 'முட்டைக்கோஸ் ஜூலை' என்றே ஐரிஷில் பெயர், தின்ன வேறொன்றும் இருக்காது என்பதால். அந்த வாரங்களில் ஆண்கள் கதவைச் சாத்திவிட்டு இங்கிலாந்துக்கும் கிழக்கு மாவட்டங்களுக்கும் அறுவடைக் கூலிக்குப் போய்விடுவார்கள். பெண்களும் குழந்தைகளும் தங்களைத் தெரிந்தவர்கள் இல்லாத சாலைகளில் பிச்சை எடுப்பார்கள். கிழங்கு தலையெடுத்ததும் எல்லோரும் வீடு திரும்புவார்கள்.

சுற்றுலாப் பயணிகள் வந்ததும் அதே வாரங்களில்தான். மழை குறைவு, பகல் நீளம், லண்டனில் விடுமுறை. ஆண்டின் மிக மோசமான ஆறேழு வாரங்களில் வந்து பார்த்துவிட்டு, ஆண்டு முழுக்க இப்படித்தான் என்று எழுதிவிட்டுப் போனார்கள். நவம்பர் மாதத்தில் கிழங்குக் குழி நிறைந்திருக்கும்போது அதே குடிசைக்குள் யாராவது எட்டிப் பார்த்திருந்தால் வேறு ஊர் தெரிந்திருக்கும்.

குடிசையைப் பற்றியும் அதே கதை. 1841 கணக்கெடுப்பு அயர்லாந்து வீடுகளை நான்கு தரமாகப் பிரித்தது. கடைசித் தரம் ஒற்றை அறை மண்குடிசை. ஐந்து லட்சத்துக்கு நெருக்கமாக அப்படிப்பட்ட வீடுகள் இருந்தன. பலவற்றில் புகைபோக்கி கிடையாது, வாசல் வழியாகத்தான் புகை வெளியேற வேண்டும். வாசலுக்கு எதிரே குப்பை மேடு. உள்ளே பன்றி. பயணிகளுக்குக் குமட்டிய இந்த இரண்டுக்கும் காரணம் இருந்தது. குப்பை மேடு, அடுத்த ஆண்டுக் கிழங்குக்கு உரம். பன்றியைக் குடும்பம் தின்னாது, விற்று நிலக் குத்தகை கட்டும். 'வாடகை கட்டுகிற கனவான்' என்று அதற்குப் பட்டப்பெயரே உண்டு. கனவானை மழையில் நிறுத்த முடியுமா? வீட்டுக்குச் சுண்ணாம்பு அடித்து முன்பக்கத்தைச் சீர்செய்தாலும் சிக்கல். பசையுள்ள ஆள் போலிருக்கிறதே என்று நிலப்பிரபுவின் ஏஜென்ட் குத்தகையை ஏற்றிவிடுவார் என்ற பயம். அழுக்கும் ஒரு வகையில் காப்பீடு.

உள்ளே போய் உட்கார்ந்து பார்த்தவர்கள் வேறு ஒன்றை எழுதினார்கள். பகலில் கதவு சாத்தியிருக்காது. பாதிக் கதவு மட்டும் கோழி நுழையாதிருக்க மூடியிருக்கும். உள்ளே வருபவர் "இங்கிருக்கும் எல்லோரையும் கடவுள் காக்கட்டும்" என்பார். அவர் யார், எந்த ஊர் என்று கேட்பதற்கு முன் அடுப்பருகே இடம் ஒதுங்கும். அடுப்பில் எரிவது டர்ஃப். சதுப்பு நிலத்தில் நீண்ட மண்வெட்டியால் செங்கல் மாதிரி வெட்டி எடுத்து, கோடை முழுக்கக் காயவைத்து, கூடையில் சுமந்துவரும் பழங்காலத் தாவர மக்கு. சுவாலை அதிகம் வராது, கனல் நிற்கும். மண்வாசனையோடு ஒரு புகை, துணியிலும் முடியிலும் ஏறிக்கொள்ளும்.

அந்த நெருப்பை அணைய விடக்கூடாது. இரவு படுக்கும் முன் வீட்டுக்காரி கனலை நடுவே கூட்டி, மேலே சாம்பலைப் போட்டுப் பொத்தி, ஒரு சின்ன ஜபம் சொல்லிவிட்டுப் படுப்பாள். விடிந்ததும் சாம்பலை விலக்கினால் கனல் உயிரோடு இருக்கும், அதன் மேல் புது டர்ஃப் அடுக்க வேண்டியதுதான். தலைமுறை தலைமுறையாக அணையாத அடுப்பு என்று பெருமை பேசிய வீடுகள் உண்டு. மே முதல் தேதி மட்டும் யார் கேட்டாலும் வீட்டு நெருப்பை வெளியே தரமாட்டார்கள். கொடுத்தால் அந்த ஆண்டின் அதிர்ஷ்டமும் சேர்ந்து போய்விடும் என்று நம்பிக்கை.

1845ல் கருகல் நோய் வந்தது. கிழங்குச் செடிகள் கறுத்தன. தோண்டினால் கையில் வந்தது அழுகிய கூழ். 1846ல் விளைச்சல் ஏறக்குறைய முழுதாகப் போனது. 1848ல் நோய் மறுபடியும் வந்தது. சுமார் பத்து லட்சம் பேர் பசியிலும் காய்ச்சலிலும் இறந்தார்கள். அதற்கும் மேலான எண்ணிக்கையில் கப்பல் ஏறினார்கள். 1841ல் 82 லட்சத்தைத் தொட்டிருந்த நாட்டின் மக்கள்தொகை, 1851ல் 65 லட்சத்துச் சொச்சம். கெர்ரியில் 2.94 லட்சம், 2.38 லட்சமாகக் குறைந்தது. ஐந்து லட்சத்துக்கு நெருக்கமாக இருந்த அந்த ஒற்றை அறைக் குடிசைகள் பத்தே ஆண்டில் 1.36 லட்சத்துக்கும் கீழே போயின. வீட்டுத்தரம் உயர்ந்துவிட்டது என்று புள்ளிவிவரத்தை மட்டும் பார்த்தால் தோன்றும். குடிசைக்குள் இருந்தவர்கள் இல்லாமல் போனார்கள், அவ்வளவுதான்.

அந்த 1848லும் கில்லார்னிக்குப் பயணிகள் வந்தார்கள். அவர்களில் ஒருவர் ஆங்கிலக் கவிஞர் டென்னிசன். படகில் போனார், பியூகிள் ஊதச் சொல்லிக் கேட்டார். எதிரொலி மலைக்கு மலை தேய்ந்து மறைந்தது அவர் மனதில் நின்றது. அதிலிருந்து பிறந்த பாட்டை இன்றும் ஆங்கிலம் படிக்கும் பிள்ளைகள் மனப்பாடம் செய்கிறார்கள். பாட்டு அழகான பாட்டு, அதில் எனக்குச் சந்தேகமில்லை. ஊதிய மனிதர் அந்த ஆண்டு என்ன சாப்பிட்டார் என்பதுதான் அதைப் படிக்கும்போதெல்லாம் நினைவுக்கு வருகிறது.

பஞ்சம் ஓய்ந்தபின் ரயில் வந்தது. 1853ல் கில்லார்னிக்கு ரயில், அடுத்த ஆண்டே நிலையத்துக்குப் பக்கத்தில் ரயில்வே கம்பெனியின் சொந்த ஹோட்டல். 1861 ஆகஸ்டில் விக்டோரியா ராணியே வந்தார். முதலில் கென்மேர் வீட்டில், பிறகு இரண்டு இரவு ஹெர்பர்ட் குடும்பத்தின் மக்ரஸ் மாளிகையில். தீ விபத்துக்குப் பயந்தவர் என்பதால் ராணிக்கான அறைகளைத் தரைத்தளத்தில் ஒதுக்கினார்கள். மாளிகையைப் புதுப்பித்து அலங்கரிக்க ஹெர்பர்ட் காசை வாரி இறைத்தார், ராணி மனம் குளிர்ந்தால் பட்டமோ பதவியோ வரும் என்ற எதிர்பார்ப்பில். அதே டிசம்பரில் ராணியின் கணவர் ஆல்பர்ட் இறந்தார். கில்லார்னி உபசாரம் அந்தத் துக்கத்தில் மறந்தே போனது. குடும்பத்தின் கடன் ஏறிக்கொண்டே போய், 1899ல் மக்ரஸ் எஸ்டேட், கின்னஸ் பீர்க் குடும்பத்தைச் சேர்ந்த ஆர்டிலான் பிரபுவுக்கு விற்கப்பட்டது. ராணியின் தோழிப் பெண்கள் நின்று ரசித்த இடத்துக்கு 'லேடீஸ் வியூ' என்ற பெயர் நிலைத்தது. விருந்தின் மிச்சம் அதுதான்.

வடக்கே ஆன்ட்ரிம் கடற்கரையில், ஃபின் மெக்கூல் கட்டியதாகச் சொல்லப்படும் அறுகோணக் கற்பாதை, ஜயன்ட்ஸ் காஸ்வே. 1740ல் சுசானா ட்ரூரி என்ற பெண் ஓவியர் அதை வரைந்து பரிசு வாங்கியதிலிருந்து ஐரோப்பா முழுக்கப் புகழ். போய்ப் பார்க்கும் அளவுக்கு இல்லை என்று ஆங்கில எழுத்தாளர் சாமுவேல் ஜான்சன் சொன்னதை யாரும் கேட்கவில்லை. 1883ல் போர்ட்ரஷ் ஊரிலிருந்து மின்சார டிராம் ஓடியது. மின்சாரம் எடுத்தது பக்கத்திலிருந்த புஷ் ஆற்று நீரிலிருந்து. நீர்மின்சாரத்தில் ஓடிய டிராம்களில் உலகிலேயே முன்னோடி அது. கூட்டம் பெருகியதும் 1890களில் ஒரு கம்பெனி வந்து வேலி போட்டுக் கட்டணம் வைத்தது. தலைமுறையாக நடந்த பாதை எங்களுடையது என்று உள்ளூர்க்காரர்கள் தரப்பில் வழக்கு நடந்தது. கம்பெனி ஜெயித்தது. எதிரொலி விற்றவர்களைப் பேராசைக்காரர்கள் என்று எழுதிய பேனாக்கள் வேலிக்கு அவ்வளவு கோபப்பட்டதாகத் தெரியவில்லை.

அதற்குள் கேமரா வந்துவிட்டது. டப்ளின் சாக்வில் தெருவில், தலைமைத் தபால் நிலையத்துக்கு எதிரே, வில்லியம் லாரன்ஸ் 1865ல் ஸ்டுடியோ திறந்தார். அவருடைய ஆளாக நாடெங்கும் போய்ப் படமெடுத்தவர் ராபர்ட் ஃபிரெஞ்ச், முன்னாள் போலீஸ்காரர். சந்தை நாள், தூண்டில்காரர்கள், வெறுங்காலோடு நிற்கும் பிள்ளைகள், கடற்கரைக் குளியல் வண்டிகள், குத்தகை கட்டாதவரின் வீட்டுச் சுவரை இடிக்க மரத்தாலான இடிகம்பத்தோடு வந்து நிற்கும் கும்பல், எல்லாமே கண்ணாடித் தகடுகளில் பதிந்தன. 1916ல் பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிராக டப்ளினில் வெடித்த ஈஸ்டர் எழுச்சியில் அந்தக் கடை சூறையாடப்பட்டு எரிந்தது. ஸ்டுடியோவில் எடுத்த முகப்படங்கள் போயின. வெளிப்படங்களின் தகடுகள் ராத்மைன்ஸ் பகுதியில் வேறோர் இடத்தில் இருந்ததால் தப்பின. அந்த 40,000 தகடுகளை 1943ல் தேசிய நூலகம் 300 பவுண்டுக்கு வாங்கியது. அஞ்சலட்டை விற்பதற்காக எடுத்த படங்கள், இன்று அந்தக் காலத்து ஐரிஷ் தெரு எப்படி இருந்தது என்பதற்கு நமக்கிருக்கும் மிகப் பெரிய சாட்சி.

அப்புறம் நிறம் வந்தது. 1957ல் ஜான் ஹைன்ட் என்ற ஆங்கிலேயர் வண்ண அஞ்சலட்டைகளை வெளியிட ஆரம்பித்தார். அதற்கு முன் சர்க்கஸோடு ஊர் சுற்றியவர். அவருடைய அட்டைகளில் உலகமே பார்த்தது ஒன்று உண்டு: மேற்கு அயர்லாந்தில் கொன்னமாராவின் சதுப்பு நிலம், டர்ஃப் கூடை சுமந்த கழுதை, இருபுறமும் செம்பட்டை முடியோடு ஒரு பையனும் ஒரு பெண்ணும். வானம் அப்படி ஒரு நீலம், சுவெட்டர் அப்படி ஒரு சிவப்பு. நிறம் ஏற்றிய அச்சு வேலை இத்தாலியில் நடந்தது. காட்சியில் கம்பமோ குப்பையோ தெரிந்தால் மறைக்க, ஒரு ரோடோடென்ட்ரான் கிளையை வெட்டி முன்னால் வைப்பார்கள். அதற்கென்றே வண்டியில் ரம்பம் இருக்குமாம். அந்தச் செடியும் அயர்லாந்துச் செடி இல்லை, பணக்காரத் தோட்டங்களுக்காகக் கொண்டுவந்து நட்டு, கில்லார்னிக் காடுகளை இன்றுவரை படர்ந்து நெரித்துக்கொண்டிருக்கும் வந்தேறி.

பயணிகளுக்குக் குமட்டிய கூரைக் குடிசை நூறு ஆண்டில் எப்படி ஆசைப்படும் படமாக மாறியது என்றால், இதற்கிடையே வீட்டுக்காரர்கள் அதைவிட்டு வெளியேறத் தொடங்கியிருந்தார்கள். 1946ல் கிராமங்களுக்கு மின்சாரம் கொண்டுபோகும் வேலை ஆரம்பித்தது. வைக்கோல் கூரையைப் பிரித்துவிட்டு ஸ்லேட் போட்டார்கள், டர்ஃப் அடுப்புக்குப் பதில் மின்சார அடுப்பு வந்தது, மகன் லண்டனிலிருந்தும் மகள் பாஸ்டனிலிருந்தும் அனுப்பிய காசில் பக்கத்திலேயே சிமென்ட் வீடு எழும்பியது. விருந்தினராக வந்த பேரன்தான், பாட்டி வீட்டுக் கூரை எங்கே என்று கேட்டான். அவனுக்காக 1968ல் ஷானன் பகுதியில் ஒரு திட்டமே தொடங்கினார்கள். வைக்கோல் வேய்ந்த புத்தம் புது வீடுகள், வெள்ளையடித்த சுவர், பாதிக் கதவு, உள்ளே குளியலறையும் நவீன அடுப்பும். வார வாடகைக்கு.

அதற்குச் சில ஆண்டுகள் முன்னால் ஷானன் விமான நிலையத்தின் ஓடுபாதையை நீட்ட வேண்டியிருந்தது. அமெரிக்காவிலிருந்து வரும் பயணிகள் இறங்கும் இடம் அது. வழியில் ஒரு பழைய பண்ணை வீடு நின்றது. அதை இடித்துத் தள்ளாமல் பிரித்துக் கொண்டுபோய், சில மைல் தள்ளி பன்ராட்டி கோட்டையின் அடிவாரத்தில் மறுபடி எழுப்பினார்கள். 1964ல் தொடங்கிய கிராமியப் பூங்காவின் முதல் வீடு அதுதான். தன் மேல் வந்திறங்க வேண்டிய விமானத்தின் பயணிகளை அது இன்று சீட்டு வாங்கிக்கொண்டு வரவேற்கிறது. பாதிக் கதவு திறந்திருக்கும். அடுப்பில் டர்ஃப் கனன்றுகொண்டிருக்கும், புகை துணியில் ஏறும். மாலையானால் பூங்காவை மூடிவிடுவார்கள். கனலைக் கூட்டிச் சாம்பலில் பொத்திவிட்டு அங்கேயே படுக்க ஆளில்லை.